மருந்தால் வந்ததா, மருந்து வென்றதால் வந்ததா?

இப்பக்கத்தில் பெரும்பாலும் தோட்டப்புற வரலாற்றையும் தமிழ்ப்பள்ளிகளின் வரலாற்றையுமே எழுதி வந்துள்ளேன். இம்முறை மருத்துவ வரலாற்றில் ஒரு பகுதியை எடுத்துக்கொள்கிறேன். நான் மருத்துவன் அல்லன். ஒரு தாயாருக்குத் தவறான அறிவுரை கூறிவிட்டு, பின்னர் அதற்காக வெட்கப்பட்டுப் புத்தகங்களைப் புரட்டிய ஓர் ஆசிரியன். அந்த வெட்கமே இக்கட்டுரைக்குக் காரணம்.

என் வகுப்பு மாணவி ஒருத்திக்குக் கழுத்தில் நெறி கட்டியது. காசநோய்க் கிருமியால் வந்தது என்று கண்டறிந்து, அரசாங்க கிளினிக்கில் ஆறு மாதச் சிகிச்சையைத் தொடங்கினார்கள். இரண்டாம் மாதத்தில் அவளுடைய தாயார் பள்ளிக்கு வந்து என்னைப் பார்த்தார். "சார், மருந்து சாப்பிட ஆரம்பிச்ச பிறகுதான் கட்டி இன்னும் பெருசாயிருச்சு. பக்கத்துல புதுசா இன்னொன்னு வந்திருக்கு. மருந்து பிள்ளைக்கு ஒத்துக்கல போல" என்றார். கேட்பதற்கு நியாயமாகவே இருந்தது. மருந்து தொடங்கியது முந்தி, கட்டி வளர்ந்தது பிந்தி. "அப்படியானால் ஒரு வாரம் நிறுத்திப் பாருங்கள் அம்மா" என்று கூறிவிட்டேன்.

நல்ல வேளையாக அவர் என் சொல்லை மட்டும் நம்பவில்லை. மறுநாள் கிளினிக் தாதியிடம் கேட்டார். தாதி மருத்துவரிடம் அனுப்பினார். கட்டியிலிருந்து நீர் எடுத்துப் பரிசோதித்த மருத்துவர், "கிருமி செத்துக்கொண்டிருக்கும்போது இப்படி நேர்வதுண்டு. மருந்தை ஒரு நாளும் நிறுத்தாதீர்கள்" என்று சொல்லி அனுப்பினாராம். இதற்கு மருத்துவ நூல்களில் தனிப் பெயரே உண்டு. தமிழில் 'முரண் எதிர்வினை' எனலாம். நோயைத் தீர்க்கும் மருந்தை உட்கொண்ட பிறகு, நோய் முற்றியது போலத் தோன்றுவதே அது.

இது புதிதாகக் கண்டறியப்பட்ட செய்தியன்று. சிபிலிஸ் என்னும் மேகநோய்க்குப் பாதரச மருந்து கொடுத்த சில மணி நேரத்தில் தோலில் உள்ள தடிப்புகள் மேலும் சிவந்து வீங்குவதை ஆஸ்திரிய மருத்துவர் அடோல்ஃப் யாரிஷ் 1895-இல் எழுதி வைத்தார். ஜெர்மனியின் கார்ல் ஹெர்க்ஸ்ஹைமர் 1902-இல் அதையே விரிவாக எழுதினார். ஆயினும் அது ஒரு நாளில் தணிந்துவிடும் காய்ச்சல்தான். மாதக்கணக்கிலும் ஆண்டுக்கணக்கிலும் இம்முரணை உடலில் சுமந்தவர்கள் தொழுநோயாளிகள். அவர்களுடைய வரலாறு நம் பினாங்கையும் தொட்டுச் செல்கிறது.

சிம்பாங் அம்பாட்டிலிருந்து பத்து காவான் வழியாக, 2014-இல் திறக்கப்பட்ட இரண்டாம் பாலத்தில் ஏறித் தீவை நோக்கிச் செல்வோர், வலப்பக்கத்தில் காடு போர்த்திய ஒரு சிறு தீவைக் காணலாம். அதுதான் ஜெரெஜாக் தீவு. 19-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் அங்கே தொழுநோயாளிகளுக்கான ஒதுக்கிடம் அமைக்கப்பட்டது. பிறகு, கப்பலில் வந்திறங்கிய குடியேறிகளைத் தொற்றுநோய் அச்சத்தால் தடுத்து வைக்கும் நிலையமும் வந்தது. நம் முன்னோர்களில் பலர் மலாயா மண்ணில் முதலில் கால் வைத்த இடம் தோட்டமன்று, அத்தீவே. இரண்டாம் உலகப் போருக்குப் பின் காசநோய் மருத்துவமனையாகவும், 1969 முதல் 1993 வரை சிறையாகவும் அது இருந்தது. மனிதரை மனிதர் ஒதுக்கி வைக்க எத்தனை வழிகள் உண்டோ அத்தனையையும் அத்தீவு கண்டுவிட்டது.

அக்காலத்தில் தொழுநோய்க்குக் கொடுக்கப்பட்டது நீரடிமுத்து எண்ணெய். நம் சித்த மருத்துவமும் அறிந்த விதைதான் அது. வாயால் உட்கொண்டால் குமட்டும். ஊசியாகப் போட்டால் வலிக்கும். பயன் மிகக் குறைவு. 1930-இல் கோலாலம்பூருக்கு அருகே சுங்கை பூலோவில் பெரிய தொழுநோய்க் குடியிருப்பு திறக்கப்பட்டது. வீடுகள், தோட்டங்கள், பள்ளி, வழிபாட்டிடங்கள் என்று ஓர் ஊராகவே அமைந்த அவ்விடத்தில் ஒரு காலத்தில் 2,000-க்கும் மேற்பட்டோர் வாழ்ந்தனர். ஜெரெஜாக் தீவிலிருந்தும் நோயாளிகள் அங்கே அனுப்பப்பட்டனர்.

உண்மையான மருந்து பின்னரே வந்தது. அமெரிக்காவின் லூயிசியானா மாநிலத்தில் இருந்த கார்வில் மருத்துவமனையில் 1941-இல் கை ஃபேகட் என்பவர் புரோமின் என்னும் சல்ஃபோன் மருந்தை ஊசியாகப் போட்டுப் பார்த்தார். ஆறாத புண்கள் ஆறின. ஆயினும் அது விலை மிகுந்தது. நரம்பில் நாள்தோறும் செலுத்த வேண்டியது. ஏழை நாடுகளுக்கு ஏற்ற வழியைத் தேடியவர்களுள் ஒருவர் இராபர்ட் காக்ரேன். செங்கற்பட்டை அடுத்த திருமணியில் இருந்த லேடி வில்லிங்டன் தொழுநோய் மருத்துவமனையில், 1940-களின் நடுவில், அச்சல்ஃபோன்களின் மூலப்பொருளையே எண்ணெயில் கலந்து ஊசியாகக் கொடுத்துப் பார்த்தார். அம்மூலப்பொருளே பின்னர் டாப்சோன் என்று பெயர் பெற்றது. 1908-இல் ஜெர்மனியில் ஆய்வுக்கூடத்தில் செய்யப்பட்டு, மனிதருக்கு நஞ்சு என்று அஞ்சி நெடுங்காலம் ஒதுக்கி வைக்கப்பட்டிருந்த பொருள் அது. அளவைக் குறைத்துக் கொடுத்தால் அஞ்ச வேண்டியதில்லை என்பது தெளிந்ததும், நைஜீரியாவில் ஜான் லோவ் அதை மாத்திரையாகவே கொடுத்துக் காட்டினார். மலிவான மாத்திரை, வீட்டிலிருந்தே உண்ணலாம். தொழுநோயின் கதை முடிந்தது என்றே பலரும் எண்ணினர்.

இங்கேதான் முரண் குறுக்கிட்டது. மருந்து தொடங்கிச் சில மாதங்கள் கழித்து, தோல் தெளிந்து வந்த நோயாளி ஒரு நாள் கடுங்காய்ச்சலோடு படுத்துவிடுவார். முகத்திலும் கைகால்களிலும் சிவந்த, தொட முடியாத முடிச்சுகள் கிளம்பும். மூட்டுகள் வீங்கும், கண்கள் சிவந்து வலிக்கும், விரை வீங்கும், நரம்புகள் கயிறு போலத் தடித்து இரவெல்லாம் வலிக்கும். கிருமி உடலெங்கும் நிறைந்திருக்கும் லெப்ரோமட்டஸ் வகை நோயாளிகளில் ஏறத்தாழப் பாதிப் பேருக்கு இது நேர்ந்தது. அடங்கும், மீண்டும் வரும், மீண்டும் அடங்கும். இன்னொரு வகையும் உண்டு. அதில் காய்ச்சல் இராது. பழைய தேமல் திடீரெனச் சிவந்து தடிக்கும். சில நாள்களிலேயே கைவிரல் மடங்கிவிடும், அல்லது பாதம் தொங்கிவிடும். மருத்துவமனைக்கு நடந்து வந்தவர் மருந்து உண்ணத் தொடங்கிய பின் நடக்க முடியாமல் போனால், அவருடைய குடும்பத்தார் என்ன நினைத்திருப்பார்கள்? அந்தத் தாயார் நினைத்ததைத்தான். நான் நினைத்ததைத்தான்.

மருத்துவர்களும் அதையே நினைத்தார்கள் என்பதுதான் இவ்வரலாற்றில் என்னைச் சற்று ஆறுதல்படுத்திய செய்தி. எதிர்வினை வந்தவுடன் டாப்சோனை நிறுத்துவதும், அடங்கியதும் மிகச் சிறிய அளவில் தொடங்கி மெல்ல மெல்லக் கூட்டுவதும், மறுபடி வந்தால் மறுபடி நிறுத்துவதும் பல நாடுகளில் வழக்கமாயிற்று. மருந்தின் அளவே குற்றவாளி என்று கருதினார்கள்.

ஆனால் சான்று அப்படிக் கூறவில்லை. சிவந்த முடிச்சுகள் தோன்றும் எதிர்வினைக்கு ஜப்பானிய மருத்துவர் முராத்தா 1912-ஆம் ஆண்டிலேயே பெயர் சூட்டியிருந்தார். சல்ஃபோன் அப்போது தொழுநோய்க்குப் பயன்பாட்டில் இல்லை. மருந்தே உண்ணாதவருக்கும் இது வரலாம். சிகிச்சை முடிந்து ஆண்டுகள் கடந்தவருக்கும் வரலாம். மருந்து நிறுத்தப்பட்டவர்களுக்கும் வந்தது. எனவே, மருந்து இதை அடிக்கடி நேரச் செய்தது உண்மையே என்றாலும், மருந்தின் நச்சுத்தன்மை இதற்குக் காரணமன்று. முந்தி வந்தது எல்லாம் காரணமாகிவிடாது என்று நாம் அறிவியல் பாடத்தில் மாணவர்களுக்குச் சொல்கிறோம். கழுத்தில் கட்டியோடு ஒரு பிள்ளை எதிரே நிற்கும்போது அதை நினைவில் வைத்திருப்பது எளிதன்று.

உள்ளே நடப்பதை இன்று ஓரளவு விளக்க முடிகிறது. தொழுநோய்க் கிருமி மிக மெதுவாகப் பெருகுவது. ஒன்று இரண்டாக ஏறத்தாழ இரண்டு வாரம் ஆகும். அது நஞ்சை உமிழ்ந்து உடலை அழிப்பதில்லை. நோய் எதிர்ப்பாற்றலின் கண்ணில் படாமல் தோலிலும் நரம்பிலும் அமைதியாகக் குடியிருக்கிறது. மருந்து அதைக் கொல்லும்போது கோடிக்கணக்கான கிருமிகளின் சிதைவுகள் வெளிப்படுகின்றன. செத்த கிருமி உடலை விட்டு நீங்கவே ஆண்டுகள் ஆகும். அதுவரை உறங்கிய எதிர்ப்பாற்றல் அச்சிதைவுகளின் மீது பாய்கிறது. அந்தப் போர் நடக்கும் களம் நோயாளியின் நரம்பு. நெருப்பு மூட்டியவன் கிருமியல்லன், காவலனே. ஆகையால் தேவைப்படுவது காவலனை அடக்கும் மருந்து. கிருமியைக் கொல்லும் மருந்தை நிறுத்துவதால் பயனில்லை. பிரெட்னிசோலோன் முதலிய ஸ்டீராய்டு மருந்துகளைத் தக்க நேரத்தில் கொடுத்தால் மடங்கிய விரல் நிமிரும் வாய்ப்புண்டு. நாள் கடந்தால் இல்லை.

டாப்சோனை நிறுத்தி நிறுத்திக் கொடுத்ததற்கு விலை ஒன்று இருந்தது. அது வெளிப்பட்ட இடங்களில் முதன்மையானது நம் சுங்கை பூலோ. பிரிட்டனின் மருத்துவ ஆராய்ச்சி மன்றம் அங்கே ஓர் ஆய்வுப் பிரிவை நடத்தி வந்தது. பல ஆண்டுகள் சல்ஃபோன் உண்ட சில நோயாளிகளுக்குப் புதிய கட்டிகள் தோன்றின. இவர்கள் மாத்திரையை ஒழுங்காக உண்பதில்லை என்று சொல்லிவிடுவது எளிது. ஆய்வாளர் பெட்டிட் அவ்வாறு சொல்லிவிட்டுப் போகவில்லை. கண்காணிப்பில் மருந்து கொடுத்தும் நோய் அடங்காததைக் கண்டார். தொழுநோய்க் கிருமியை ஆய்வுக்கூடக் குப்பியில் வளர்க்க முடியாது. 1960-இல்தான் அமெரிக்காவின் ஷெப்பர்ட், எலியின் பாதத்தில் அதைச் சிறிதளவு வளர்க்கும் வழியைக் கண்டுபிடித்திருந்தார். மலேசிய நோயாளிகளிடமிருந்து எடுத்த கிருமிகள் இலண்டனில் ரீஸ் என்பாரின் ஆய்வுக்கூடத்துக்குச் சென்றன. டாப்சோன் கலந்த தீனி உண்ட எலிகளிலும் அவை வளர்ந்தன. மருந்துக்கு அடங்காத தொழுநோய்க் கிருமி உண்டு என்பதற்கு 1964-இல் வெளியான முதல் உறுதியான சான்று இதுவே.

ஒற்றை மருந்தை மட்டும் நம்பியது இதற்கு அடிப்படைக் காரணம். எதிர்வினைக்கு அஞ்சிக் குறைந்த அளவில் கொடுத்ததும், விட்டு விட்டுக் கொடுத்ததும் அதற்குத் துணை நின்றன என்று பின்னர் ஒப்புக்கொள்ளப்பட்டது. டாப்சோனைத் தொடக்கம் முதலே முழு அளவில் கொடுக்க வேண்டும், எதிர்வினை வந்தாலும் நிறுத்தக்கூடாது என்ற அறிவுரை 1970-களில் நிலைபெற்றது. 1981-இல் கூடிய உலகச் சுகாதார நிறுவனக் குழு மூன்று மருந்துகளைச் சேர்த்துக் கொடுக்கும் முறையைப் பரிந்துரைத்தது. அவற்றுள் ஒன்றான குளோஃபாசிமின் கிருமியையும் கொல்லும், எதிர்வினையின் கொதிப்பையும் ஓரளவு தணிக்கும். தோலைக் கருக்கச் செய்வது அதன் குறை. நோயை மறைக்க விரும்பியவர்களுக்கு அது சிறு துன்பமன்று.

எதிர்வினைக்குக் கிடைத்த இன்னொரு மருந்தின் கதை இதைவிட வியப்பானது. தாலிடோமைடு என்னும் தூக்க மருந்தைப் பெற்றோர் பலரும் கேள்விப்பட்டிருக்கலாம். 1957-இல் ஜெர்மனியில் விற்பனைக்கு வந்தது. கருவுற்ற பெண்கள் உண்டதால் கைகால்கள் வளராமல் 10,000-க்கும் மேற்பட்ட குழந்தைகள் பிறந்தன. 1961 நவம்பரில் அங்கே கடைகளிலிருந்து அகற்றப்பட்டது. உலகமே வெறுத்த அம்மருந்தை 1964-இல் எருசலேம் நகரில் யாக்கோபு ஷெஸ்கின் என்னும் மருத்துவர், தொழுநோய் எதிர்வினையின் வலியால் உறங்க முடியாத நோயாளிக்கு, வெறும் தூக்கத்துக்காகக் கொடுத்தார். நோயாளி உறங்கினார். அத்துடன் நில்லாமல், முடிச்சுகளும் காய்ச்சலும் மறைந்தன.

ஒருவர் குணமானார் என்பது சான்றாகுமா? எதிர்வினை தானாகவே அடங்கிவிடும் இயல்புடையது என்று மேலே கூறினேன். அந்த நேரத்தில் எதைக் கொடுத்திருந்தாலும் அதற்கே புகழ் சேர்ந்திருக்கும். ஆகையால் சோதனை தேவைப்பட்டது. மருத்துவருக்கும் நோயாளிக்கும் எது எந்த மருந்து என்று தெரியாதபடி மறைத்து நடத்தும் சோதனை அது. சுங்கை பூலோவில் வாட்டர்ஸ் அவ்வாறு நடத்தினார். கடும் எதிர்வினையால் ஸ்டீராய்டை விட முடியாமலிருந்த நோயாளிகளுக்குத் தாலிடோமைடு கொடுத்தபோது ஸ்டீராய்டின் தேவை குறைந்தது. அதே 1971-இல் உலகச் சுகாதார நிறுவனம் பல நாடுகளில் நடத்திய சோதனையும் வெளியாயிற்று. அதில் தாலிடோமைடு ஆஸ்பிரினோடு ஒப்பிடப்பட்டது. செங்கற்பட்டு மத்தியத் தொழுநோய் நிறுவனத்தோடு தொடர்புடைய ஐயரும் இராமானுஜமும் அந்த ஆய்வறிக்கையின் ஆசிரியர்களுள் இருவர். ஆண் நோயாளிகளை மட்டுமே சேர்த்தார்கள். காரணத்தைச் சொல்லத் தேவையில்லை. தாலிடோமைடு தெளிவாக வென்றது. அழற்சியைத் தூண்டும் ஒரு புரதத்தை அது குறைக்கிறது என்பது 1991-இல்தான் கண்டறியப்பட்டது. அமெரிக்கா 1998-இல் இந்த ஒரு பயனுக்காக அனுமதி அளித்தது. தொழுநோய் மிகுந்த பிரேசிலிலோ, அதே மாத்திரையால் குறையுடைய குழந்தைகள் பிற்காலத்திலும் பிறந்தன. எந்த மருந்தையும் நல்லது, கெட்டது என்று ஒரே சொல்லில் மாணவர்களுக்குச் சொல்ல எனக்கு இப்போது நாக்கு எழுவதில்லை.

சுங்கை பூலோவின் நோயாளிகள் இச்சோதனைகளில் வெறும் எண்களாக நிற்கிறார்கள். சட்டத்தால் ஒதுக்கப்பட்டு, பெற்ற பிள்ளைகளையே பிரிந்து வாழ்ந்த மக்கள் அவர்கள். அவர்களுள் தமிழரும் இருந்தனர். உலகெங்கும் நோயாளிகள் பெற்ற நன்மையில் அவர்களுடைய தோலும் இரத்தமும் பங்களித்தன. நம் வரலாற்று நூல்களில் இது ஒரு வரியாகக்கூட வருவதில்லை என்பது என் குறை.

இதையெல்லாம் படித்துவிட்டு, மருந்து உண்டபின் எது நேர்ந்தாலும் பொறுத்துக்கொண்டு தொடர வேண்டும் என்று எவரும் எண்ணிவிடக் கூடாது. அது என் முதல் தவற்றைவிடப் பெரிய தவறாகிவிடும். அதே டாப்சோன் சிலருக்கு உண்மையாகவே ஒவ்வாமல் போகும். சில வாரங்களில் காய்ச்சல், உடலெங்கும் தடிப்பு, மஞ்சள்காமாலை என்று வந்தால் உடனே நிறுத்தியாக வேண்டும்; இல்லையேல் உயிருக்கு ஆபத்து. குறிப்பிட்ட ஒரு மரபணு உடையவர்களுக்கு இது நேர்கிறது என்று 2013-இல் சீன ஆய்வாளர்கள் வெளியிட்டனர். நம் நாட்டில் குழந்தை பிறந்தவுடன் தொப்புள்கொடி இரத்தத்தில் ஜி6பிடி குறைபாடு உண்டா என்று பார்ப்பதைப் பெற்றோர் அறிவீர்கள். அக்குறைபாடு உள்ளவர்களுக்கு டாப்சோன் இரத்தச் சிவப்பணுக்களை உடைக்கும். காசநோய் மருந்துகளும் சிலருக்குக் கல்லீரலைத் தாக்கும். கட்டி பெரிதாவது மருந்துக்கு அடங்காத கிருமியாலும் இருக்கலாம். வெளியிலிருந்து பார்க்கும்போது எல்லாம் ஒன்று போலவே தோன்றும். பிரித்தறிய இரத்தமும், சதைத் துணுக்கும், ஆய்வுக்கூடமும் வேண்டும். அதனால்தான் அந்த மருத்துவர் வாயால் மட்டும் ஆறுதல் சொல்லாமல் கட்டியில் ஊசியிட்டு நீர் எடுத்தார். முரண் எதிர்வினை என்பது மற்றவை இல்லை என்று பார்த்த பிறகே வைக்க வேண்டிய பெயர்.

காசநோய் நெறிகட்டியைப் பற்றியும் தமிழ்நாட்டிலிருந்து நல்ல சான்று உண்டு. சென்னைக் காசநோய் ஆராய்ச்சி மையம், சேத்துப்பட்டில் 1956 முதல் இயங்குவது. மருத்துவமனையில் படுக்க வைக்காமல் வீட்டிலேயே காசநோயைக் குணப்படுத்தலாம் என்று 1950-களின் இறுதியில் உலகுக்குக் காட்டிய மையம் அதுவே. அம்மையத்தார் நெறிகட்டிக் காசநோய் கண்ட குழந்தைகளுக்கு ஆறு மாதச் சிகிச்சை அளித்துப் பல ஆண்டுகள் தொடர்ந்து கவனித்து, 1990-இல் முடிவை வெளியிட்டனர். பெரும்பாலான குழந்தைகள் குணமாயினர். சிகிச்சை முடிந்த நாளில் கட்டி முழுதும் கரையாத குழந்தைகளும் அவர்களில் இருந்தனர். கட்டியின் அளவை மட்டும் பார்த்து நோய் தீரவில்லை என்று முடிவு கட்டக்கூடாது என்பதை மருத்துவர்கள் இத்தகைய ஆய்வுகளிலிருந்தே கற்றனர்.

என் மாணவியின் கழுத்திலும் ஆறு மாதம் முடிந்தபோது கொண்டைக்கடலை அளவுக்கு ஒரு நெறி மிச்சமிருந்தது. மருத்துவர் அதைத் தொட்டுப் பார்த்துவிட்டு மருந்தை நிறுத்தினார். மூன்று மாதம் கழித்து வரச் சொன்னார். ஒரு நாளும் தவறாமல் அவளை கிளினிக்குக்கு மோட்டார் சைக்கிளில் ஏற்றிச் சென்றவர் அந்தத் தாயார். பள்ளி வாயிலில் என்னைக் காணும்போது இப்போதும், "நிறுத்தச் சொன்ன சார் வர்றாரு" என்று மகளிடம் சொல்லிச் சிரிக்கிறார்.